காசு கொடுத்து வாங்கும் 'இணைத் தயாரிப்பாளர்' பட்டம் வேலை வாங்கித் தருமா?

கேள்வி: நாங்கள் இத்தாலியில் பலெர்மோவில் வசிக்கிறோம். இங்கேயே வளர்ந்த மகளுக்கு 20 வயது. படத் தயாரிப்பு நிர்வாகத்தில் வேலை செய்ய வேண்டும் என்கிறாள். ரோமிலிருந்து வந்த ஒருவர், 6,000 யூரோ ரொக்கமாகக் கொடுத்தால் ஒரு படத்தில் 'இணைத் தயாரிப்பாளர்' என்று அவள் பெயரைப் போடுவதாகவும், அதில் 40 சதவீதத்தை அரசே திருப்பித் தரும் என்றும் சொல்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். இத்தாலியில் 5,000 யூரோவைத் தொட்டாலே ரொக்கமாகக் கைமாற்றுவது சட்ட விரோதம். வாங்கியவருக்கு மட்டுமல்ல, கொடுத்த உங்களுக்கும் அபராதம் வரும்.

அந்த 40 சதவீதக் கதை, 2016-இல் வந்த சினிமாச் சட்டத்தை வைத்துச் சொல்வது. அதில் உள்ள வரிச் சலுகை நிறுவனங்களின் வரிக்கணக்கில் கழிவது. ஒரு குடும்பம் உறையில் வைத்துக் கொடுத்த சேமிப்புக்கு அதில் இடமே கிடையாது. இந்தச் சலுகையின் விதிகளை அமைச்சகம் மாற்றிக்கொண்டே இருக்கிறது, பணமும் தாமதமாகிறது. அந்தக் குழப்பத்தில்தான் தரகர்கள் பிழைக்கிறார்கள். ஒழுங்காக வேலை செய்யும் சிறு நிறுவனங்கள் கடன் வாங்கிக் காத்திருக்க, இவர்கள் உங்களைப் போன்றவர்களின் வீட்டு வாசலில் நிற்கிறார்கள். எனக்கு ஆத்திரமாக வருகிறது.

சரி, பெயர் வந்தால் வேலை வருமா? வராது. படப்பிடிப்புக்கு ஆள் எடுப்பவர் தயாரிப்பு மேலாளர். அவர் டைட்டில் கார்டைப் பார்ப்பதில்லை. "யாரிடம் வேலை செய்தாய்?" என்று கேட்டு, அந்த ஆளுக்கே போன் போடுவார். உங்கள் மகள் ஏற வேண்டிய படிகள் வேறு: முதலில் எடுபிடி, பிறகு தயாரிப்புச் செயலர், இன்ஸ்பெக்டர், மேலாளர், கடைசியில் மொத்தப் படத்தையும் நடத்தும் பொது அமைப்பாளர். செயலராக இருக்கும்போது மறுநாள் யார் எத்தனை மணிக்கு எங்கே வரவேண்டும் என்ற தாளை முந்தின மாலையே எல்லோருக்கும் அனுப்ப வேண்டும். தெருவில் வண்டி நிறுத்த நகராட்சி அனுமதி வாங்க வேண்டும். எத்தனை சாப்பாட்டுப் பொட்டலம் என்று எண்ணிச் சொல்ல வேண்டும். டாக்ஸி ரசீதுகூடத் தொலையக் கூடாது.

பெரிய பெயர்களும் சின்ன வேலையில் ஆரம்பித்தவைதான். தயாரிப்பாளர் ஃபிராங்கோ கிறிஸ்தால்தி 1946-இல் துரினில் வீதெஸ் என்ற படக் கம்பெனியைத் தொடங்கியபோது எடுத்தவை குறும் ஆவணப்படங்கள். பெயர் வந்த பிறகும் உறுதியில்லை: தயாரிப்பாளர் அல்ஃப்ரேதோ பினி, இயக்குநர் ஃபெல்லினி பங்கு வைத்திருந்த நிறுவனம் கைவிட்ட, இயக்குநர் பசோலினியின் முதல் படத்தை எடுத்து 1961-இல் வெளியிட்டவர். 2010-இல் இறந்த அவர் கடைசி ஆண்டுகளில் வசதியாக இருக்கவில்லை. அவ்வளவு பெரிய பெயரே சோறு போடவில்லை.

மகளுக்கு வேலை கிடைத்தால் மூன்றைப் பாருங்கள். வேலை தொடங்கும் முந்தைய நாளுக்குள் ஆளை வேலைக்கு எடுத்ததாக முதலாளி அரசுக்கு அனுப்ப வேண்டிய உனிலாவ் என்ற அறிவிப்பின் நகல், மாதச் சம்பளச் சீட்டு, இன்ப்ஸ் என்ற அரசு ஓய்வூதிய நிறுவனத்தின் கணக்கில் ஏறிய நாட்கள். இன்ப்ஸில் ஏறாத நாள் ஓய்வூதியத்துக்குக் கணக்கில்லை.

"சம்பளம் இல்லை, அனுபவம்தான்" என்பவர்களை விரட்டுங்கள். இதற்கு ஒரே ஒரு விலக்கு உண்டு: படிப்பின் பகுதியாக வரும் பயிற்சி. அதற்குச் சம்பளம் இல்லாமல் இருக்கலாம். ஆனால் கல்வி நிறுவனத்துக்கும் படக் கம்பெனிக்கும் இடையே எழுத்தில் ஒப்பந்தம் இருக்க வேண்டும். என்ன கற்றுத் தருவார்கள் என்ற திட்டமும், இனாயில் என்ற அரசுக் காப்பீட்டு நிறுவனத்தின் விபத்துக் காப்பீடும், பொறுப்பாளர் பெயரும் இருக்க வேண்டும். படிப்பு முடிந்த பிறகு செய்யும் பயிற்சி இதில் சேராது, அதற்கு உதவித்தொகை கட்டாயம். வாய்ப்பேச்சில் "பயிற்சி" என்பதும் சேராது. இந்த மூன்றையும் ஒன்றாக்கிக் குழப்பித்தான் பிள்ளைகளைச் சும்மா வேலை வாங்குகிறார்கள்.

படிக்க வேண்டுமானால், ரோமில் 1935-இல் தொடங்கிய சென்ட்ரோ ஸ்பெரிமென்தாலே என்ற திரைப்படப் பள்ளியில் தயாரிப்புக்கென்றே தனிப் பிரிவு இருக்கிறது. இடம் மிகக் குறைவு, தேர்வு கடினம். உங்கள் ஊரில் ஸீசாவில் உள்ள அதன் கிளையில் ஆவணப்படம் கற்பிக்கிறார்கள். சேர்க்கை அறிவிப்பை அவர்களே இலவசமாக வெளியிடுகிறார்கள். "சீட் வாங்கித் தருகிறேன்" என்று எவன் வந்தாலும் கதவைச் சாத்துங்கள்.

அந்த ரோம் ஆளிடம் அவருடைய கம்பெனியின் வரி எண்ணை மட்டும் கேளுங்கள். அதை வைத்து வர்த்தக சபைப் பதிவேட்டில் சில யூரோ கட்டினால், கம்பெனி உண்மையில் இருக்கிறதா, என்ன தொழில் செய்கிறது, யார் பொறுப்பு என்று தெரிந்துவிடும். எண்ணைத் தர மறுத்தால் பேச்சை அத்தோடு முடித்துவிடுங்கள்.