டேப்பை எடுத்துவைத்த கேமராமேன்

அன்புள்ள எழுத்தாளருக்கு,

பழைய ஆங்கிலப் பாடல்களை யூடியூபில் தேடிப் பார்ப்பேன். பிபிசியின் வாராந்தர பாப் பாடல் நிகழ்ச்சி ‘டாப் ஆஃப் த பாப்ஸ்’ 1964-இல் தொடங்கியது என்கிறார்கள். ஆனால் அறுபதுகளின் நிகழ்ச்சிகள் கொஞ்சம்தான் கிடைக்கின்றன. அவ்வளவு பெரிய நிறுவனம் எப்படித் தொலைத்தது? பழைய ஃபுட்டேஜை, அதாவது படப்பதிவுகளைத் தேடுவதே அங்கே ஒரு தொழிலாமே, அதில் அப்படி என்ன வேலை?

ஆர்.எஸ்., திருச்சி

அன்புள்ள ஆர்.எஸ்.,

தொலைக்கவில்லை, அழித்தார்கள். அன்றைய இரண்டு அங்குல வீடியோ டேப் விலை கூடியது. அதனால் ஒன்றை அழித்துவிட்டு அதன்மேலேயே இன்னொன்றைப் பதிவுசெய்வார்கள். மறுஒளிபரப்புக்குக் கலைஞர் சங்கங்களின் கட்டுப்பாடு வேறு. போன வாரப் பாப் பாட்டை இனி யார் பார்க்கப்போகிறார்கள் என்ற அலட்சியமும் உண்டு. 1966 ஜூனில் பீட்டில்ஸ் அந்த நிகழ்ச்சியின் ஸ்டூடியோவுக்கு நேரில் வந்தார்கள். அதுவும் போயிற்று. யாரோ வீட்டு டிவியைப் பார்த்து 8 மி.மீ. கேமராவில் எடுத்த சிறு துண்டுகள் மட்டும் 2019-இல் வெளியே வந்தன.

எனக்குப் பிடித்தது ஜான் ஹென்ஷாலின் கதை. 1973 ஜனவரியில் அதே நிகழ்ச்சியில் ஆங்கில ராக் பாடகர் டேவிட் போவி ‘த ஜீன் ஜீனி’ பாடியபோது கேமரா பிடித்தவர்களில் ஒருவர். பலரும் பதிவான பாட்டுக்கு வாயசைத்துவிட்டுப் போகிற நிகழ்ச்சியில், போவி குழு நிஜமாகவே வாசித்தது. நடுவே ஹார்மோனிகாவில் பீட்டில்ஸின் ‘லவ் மீ டூ’ ஒரு துணுக்கு வரும், கவனியுங்கள். ஹென்ஷால் தானே உருவாக்கிய ஃபிஷ்ஐ லென்ஸை (மிக அகலமான, வளைந்த காட்சியைத் தருவது) அதில் பயன்படுத்தியிருந்தார். தன் வேலையைக் காட்டுவதற்காக ஒரு பிரதி கேட்டு வாங்கிக்கொண்டார். பிபிசி தன்னுடையதை அழித்துவிட்டது. இவரோ அவர்களிடமும் இருக்கும் என்று நம்பிச் சும்மா இருந்துவிட்டார். 2011 டிசம்பரில் அது மறுபடி ஒளிபரப்பானது. ஆக, அன்று போவியைக் காப்பாற்றியது போவியின் புகழ் இல்லை, ஒரு தொழிலாளிக்குத் தன் லென்ஸ் மேல் இருந்த பெருமை. ஆவணக் காப்பகம் என்றதும் நாம் அலமாரிகளை நினைக்கிறோம், நான் இந்த மாதிரி ஆட்களைத்தான் நினைப்பேன்.

சரி, உங்கள் இரண்டாவது கேள்வி. எழுபதுகளில் பிபிசியில் ‘ஓல்ட் கிரே விசில் டெஸ்ட்’ என்று ஒரு ராக் இசை நிகழ்ச்சி வந்தது. குழு நேரில் வராதபோது இசைத்தட்டை ஓடவிட்டு, அதன்மேல் பழைய படத்துண்டுகளைக் காட்டுவார்கள். படச்சுருள் சேகரிப்பாளரான பிலிப் ஜென்கின்சன் தேடித் தந்தவை அவை. எந்தத் தாளத்துக்கு எந்தக் காட்சி பொருந்தும் என்பது கண்ணும் காதும் சேர்ந்து செய்கிற வேலை.

இன்றைய ஆராய்ச்சியாளருக்குப் பாதி நேரம் பழைய பதிவேடுகளோடும் ஓய்வுபெற்ற டெக்னீஷியன்களோடும் போகிறது, மீதி அனுமதி வாங்குவதில். பாட்டை எழுதியவர், இசைத்தட்டு நிறுவனம், ஒளிபரப்பியவர் என்று உரிமை பலரிடம் பிரிந்து கிடக்கும். நேற்று யூடியூபில் பார்த்தது இன்று காணாமல் போனால், பெரும்பாலும் அவர்களில் யாரோ ஒருவர் ஆட்சேபித்திருப்பார்.