கொழும்புத் தொடர்மாடி வீட்டில் ஜூவல் ஓர்க்கிட் வளர்க்கக் கண்ணாடித் தொட்டி கட்டாயம் வேண்டுமா?

ஜூவல் ஓர்க்கிட் என்பது இலை அழகுக்காக வளர்க்கிற ஓர்க்கிட் வகை. அதில் லுடிசியா டிஸ்கலர் என்ற செடி என்றால் தொட்டி வேண்டாம். என் முதல் செடி செத்ததே கண்ணாடித் தொட்டிக்குள்தான்.

நாங்கள் இருப்பது வெள்ளவத்தையில், மூன்றாம் மாடி. பழைய மீன்தொட்டி ஒன்று சும்மா கிடந்தது. ஈரப்பதன் குறையவே கூடாது என்று வெளிநாட்டு வீடியோக்களில் சொன்னதை நம்பி, செடியை உள்ளே வைத்து மேலே கண்ணாடியும் போட்டு மூடினேன். காலையில் உட்பக்கம் முழுக்க முத்து முத்தாக நீர் கோத்து நிற்கும், பார்க்கவே சந்தோஷமாக இருக்கும். மூன்றாம் கிழமை தண்டின் அடி பழுப்பாகி, விரல் பட்டதும் அவித்த வெண்டிக்காய் மாதிரி நசிந்தது. அப்புறம்தான் யோசித்தேன். அந்த வீடியோக்காரர்கள் வீட்டில் குளிர்காலத்தில் ஹீட்டர் ஓடுகிறது, காற்று வறண்டுபோகிறது, அவர்களுக்குத் தொட்டி தேவை. மழை மாதங்களில் துவாய் காயவே இரண்டு நாள் எடுக்கிற ஊரில் எனக்கு எதற்கு?

இந்தச் செடி தென்சீனா, தாய்லாந்து, மலேசியா, இந்தோனேசியா பக்கத்துக் காடுகளில் தரையில் படர்வது. நாம் வழக்கமாகப் பார்க்கிற ஓர்க்கிட் போல மரத்தைப் பற்றிக்கொண்டு வேரை வெளியே தொங்கவிடாது. சருகுக்குள் தண்டு கிடையாக ஊர்ந்து போகும், வேர் ஆழமாக இறங்காது. அதனால் உயரமான பூச்சாடி வீண். அடியில் தேங்கும் ஈரத்தை உறிஞ்ச அங்கே வேரே இருக்காது.

நான் பாவிப்பது தயிர்ச் சட்டி. எருமைத் தயிர் வாங்கினால் வருமே, அந்த மண்சட்டிதான். அகலம், ஆழம் இல்லை, இதற்கென்றே செய்தது போல இருக்கும். ஓட்டை மட்டும் நாம்தான் போட வேண்டும். இரவு முழுக்கத் தண்ணீரில் ஊறவிட்டு, ட்ரில்லால் மெதுவாக நாலைந்து துளை. அவசரப்பட்டால் பிளந்துவிடும் (எனக்கு இரண்டு போனது). உள்ளே இரண்டு பங்கு பொச்சுமட்டைத் துண்டு, ஒரு பங்கு சுண்டுவிரல் நகமளவு உடைத்த கரி, ஒரு பிடி மக்கிய சருகு. பொச்சுமட்டையில் உப்பு இருக்கும். ஊறவைத்து, தண்ணீரின் கபில நிறம் போகும்வரை மூன்று நாலு தரம் மாற்றுங்கள்.

தண்ணீருக்கு நாள் கணக்கு வைக்காதீர்கள். சட்டியைத் தூக்கிப் பாருங்கள், பாரம் குறைந்திருந்தால் ஊற்றுங்கள். எனக்குப் பெப்ரவரி வெயிலில் கிழமைக்கு மூன்று தரம் தேவைப்படுகிறது, ஒக்டோபர் நவம்பர் மழையில் ஒரு தரமே அதிகம். உரம் மாதம் ஒருமுறை, லேபலில் போட்டிருப்பதில் கால்வாசி.

வெயில் நேரே படக்கூடாது, இலை வெளிறிவிடும். கடல் பக்கப் பல்கனியும் சரிவராது. உப்புக்காற்றில் இலை ஓரம் கருகியதை நானே பார்த்தேன். இப்போது குசினி யன்னலிலிருந்து மூன்றடி தள்ளி ஒரு தட்டில் இருக்கிறது. ஏசி அறைக்குள் மட்டும் கொண்டுபோகாதீர்கள்.

பக்கத்து வீட்டு மாமி வந்தால் இன்னும் கேட்பார், "இது என்ன பிள்ளை, குரோட்டனோ?" என்று. பூவுக்காக வளர்க்கிற செடி இல்லை, சரிதான். இலையைத்தான் பார்க்க வேண்டும்: கறுப்புக்குக் கிட்டிய மரூன் நிறத்தில் வெல்வெட் போல ஒரு பரப்பு, அதில் நீளவாக்கில் செம்பு நிறக் கோடுகள். இரவில் போன் டோர்ச்சைச் சரித்து அடித்துப் பாருங்கள், கோடுகள் மினுங்கும். ஆனாலும் பூவைக் கேவலமாகச் சொல்ல மாட்டேன். எனக்கு ஜனவரியில் வரும். ஒரு சாண் தண்டில் சின்ன வெள்ளைப் பூக்கள், நடுவில் மஞ்சள். ஒவ்வொன்றும் யாரோ பிடித்து ஒரு பக்கம் முறுக்கிவிட்டது மாதிரிக் கோணலாக இருக்கும்.

மக்கோடஸ் பெட்டோலா என்று இன்னொன்று உண்டு, பச்சை இலையில் தங்க வலை. அதற்கு ஈரப்பதன் கொஞ்சம் சீராகவே இருக்க வேண்டும். அதை மட்டும் பிளாஸ்டிக் பெட்டிக்குள் வைத்து, மூடியைப் பாதி திறந்தே விட்டிருக்கிறேன். முதல் செடிக்கு அது வேண்டாம்.

வனராஜாவைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். நம் நாட்டு ஈரவலயக் காடுகளில் தானாக வளரும் ஜூவல் ஓர்க்கிட் அது, அனெக்டோகைலஸ் இனம். 1937 இல் வந்த விலங்குகள், தாவரங்கள் பாதுகாப்புக் கட்டளைச் சட்டத்தின் கீழ் பாதுகாக்கப்பட்டது. யாராவது ரகசியமாக "காட்டிலிருந்து வந்தது" என்று நீட்டினால் வாங்காதீர்கள். சட்டம் ஒருபுறம் இருக்கட்டும், காட்டில் பிடுங்கிய செடி கொழும்புச் சூட்டில் பிழைப்பதும் கஷ்டம். லுடிசியா நேர்சரிகளில் கிடைக்கிறது, பத்தரமுல்லை தியத உயனப் பக்கம் தேடிப் பாருங்கள். வாங்கும்போது இலையை விட்டுவிட்டுத் தண்டின் அடியை அழுத்திப் பாருங்கள். கெட்டியாக இருக்க வேண்டும்.

அழுகல் வந்துவிட்டாலும் எல்லாம் போய்விடவில்லை. அழுகிய பகுதிக்கு மேலே, உள்ளே பழுப்பே தெரியாத இடத்தில், சுத்தமான பிளேட்டால் வெட்டுங்கள். ஒரு நாள் நிழலில் காயவிட்டு, இரண்டு கணுவாவது பொச்சுமட்டையில் படுகிற மாதிரிக் கிடையாக வையுங்கள். இப்போது என்னிடம் இருக்கிற ஐந்து சட்டியும் மீன்தொட்டியில் தப்பிய அந்த விரல்நீளத் துண்டிலிருந்து வந்தவைதான். ஆறாவது மாமிக்கு.