ரெக் படம் ரொம்ப பிடிச்சிருந்தது, அதை எடுத்த ஜௌமே பாலகெரோவோட மத்த படங்கள் எப்படி இருக்கும், எதுல இருந்து ஆரம்பிக்கலாம்?

ஸ்லீப் டைட்ல இருந்து ஆரம்பிங்க. 2011ல வந்த படம், ஸ்பானிஷ்ல மியென்த்ராஸ் துவெர்மெஸ்னு பேரு, "நீ தூங்கும்போது"ன்னு அர்த்தம். அதுல பேய் கிடையாது, கடிச்சா பரவுற நோய் கிடையாது, ஓடுறது கத்துறது கூட பெருசா கிடையாது. ஆனா பாலகெரோ எடுத்ததுலயே என்னை ரொம்ப நாள் விடாம பிடிச்சு வச்சிருந்தது அந்த படம் தான். ஏன்னு சொல்லணும்னா கொஞ்சம் பின்னாடி இருந்து வரணும், பொறுமையா படிங்க.

பாலகெரோ 1968ல ஸ்பெயின்ல காட்டலோனியா பகுதியில லெய்தாங்கிற ஊர்ல பிறந்தவரு. அதே வருஷம் தான் பார்சிலோனா பக்கத்துல சிட்ஜெஸ்ங்கிற கடலோர ஊர்ல திகில் படம், ஃபேன்டஸி படம் இதுக்குன்னே ஒரு திரைப்பட விழா ஆரம்பிச்சாங்க, இன்னைக்கு வரைக்கும் உலகத்துல ஹாரர் பைத்தியங்க எல்லாரும் எதிர்பாக்குற விழா அது. பாலகெரோ பார்சிலோனாவுல மாஸ் கம்யூனிகேஷன் படிச்சு, சினிமா பத்தி எழுதி, ரேடியோல ப்ரோக்ராம் பண்ணி, அப்புறம் 1994ல அலிசியான்னு ஒரு ஷார்ட் ஃபிலிம் எடுத்தாரு, அதுக்கு சிட்ஜெஸ்லயே பரிசு கிடைச்சது. ஹாரர்ல வளர்ந்து ஹாரருக்குள்ளயே வந்த ஆளு. வேற ஜானர்ல வாய்ப்பு கிடைக்காம இதுக்கு வந்தவரு இல்ல, அது ஒவ்வொரு படத்துலயும் தெரியும்.

முதல் முழுநீள படம் 1999ல, தி நேம்லெஸ், ராம்சே காம்ப்பெல்ங்கிற பிரிட்டிஷ் எழுத்தாளரோட நாவல்ல இருந்து எடுத்தது. ஒரு அம்மா, அவங்க பொண்ணு காணாம போயி சிதைஞ்ச நிலைமையில ஒரு உடம்பு கிடைக்குது, பொண்ணு செத்துட்டான்னு முடிவு பண்ணிடுறாங்க. அஞ்சு வருஷம் கழிச்சு ஒரு நாள் ஃபோன் அடிக்குது, எடுத்தா அந்த பொண்ணு குரல், அம்மா என்னை வந்து கூட்டிட்டு போம்மான்னு. இந்த ஒரு ஃபோன் காலுக்காகவே அந்த படத்தை பாக்கலாம். கலரே செத்துப்போன மாதிரி இருக்கும் படம் முழுக்க, மெதுவா போகும், கடைசியில ஒரு ஆறுதலும் தராது.

அதுக்கப்புறம் அவருக்கு பெரிய பட்ஜெட், வெளிநாட்டு நடிகர்கள், இங்கிலீஷ் படம்னு வாய்ப்பு வந்தது. ஃபில்மாக்ஸ்னு பார்சிலோனா கம்பெனி, அவங்க தயாரிப்புல 2002ல டார்க்னெஸ், அன்னா பாக்வின் நடிச்சது. 2005ல ஃபிரஜைல், காலிஸ்டா ஃபிளாக்ஹார்ட் நடிச்சது, மூடப்போற ஒரு குழந்தைங்க ஹாஸ்பிட்டல்ல நடக்குற கதை. டார்க்னெஸ் அமெரிக்காவுல ரெண்டு வருஷம் தூங்கி, வெட்டி குறைச்சு, 2004 கிறிஸ்துமஸ் அன்னைக்கு ரிலீஸ் ஆச்சு. ரெண்டுமே மோசம்னு சொல்ல மாட்டேன். ஆனா அந்த ரெண்டுலயும் நீங்க ஏற்கனவே எங்கயோ பாத்த வீடு, எங்கயோ பாத்த ஹாஸ்பிட்டல் தான் இருக்கும், அவருக்கே தெரிஞ்ச இடம்னு ஒன்னு இருக்காது. நேரம் இருந்தா ஃபிரஜைல் பாருங்க, டார்க்னெஸை கடைசியா வச்சுக்கங்க.

அவரு திரும்ப தன் ஊருக்கு, தன் மொழிக்கு வந்தப்போ தான் எல்லாம் மாறுச்சு. 2006ல ஸ்பெயின் டிவிக்காக ஒரு ஹாரர் தொடர் வரிசை எடுத்தாங்க, ஒவ்வொரு டைரக்டருக்கும் ஒரு படம். அதுல இவரு எடுத்தது டு லெட். வாடகைக்கு வீடு பாக்க ஒரு ஜோடி போகுது, பாழடைஞ்ச கட்டடம், வீடு காட்டுற அம்மா ரொம்ப அன்பா பேசுறாங்க, ஆனா வெளிய விட மாட்டேங்குறாங்க. அவ்வளவு தான் கதை, ஒரு மணி நேரத்துக்கு கொஞ்சம் மேல தான் ஓடும். இதை ஏன் முக்கியமா சொல்றேன்னா, படிக்கட்டு, சாவி, பக்கத்து வீட்டு கதவு, மேல் மாடியில யாரு இருக்காங்கன்னு தெரியாத நிலைமை, இது எல்லாம் ஒரே கட்டடத்துக்குள்ள அடைபட்டு கிடக்குறது இங்க தான் அவருக்கு சரியா மாட்டுச்சு. அடுத்த வருஷமே ரெக்.

ரெக் நீங்க பாத்துட்டீங்க, அதனால கதையை நீட்டல, ஒரு டிவி தொகுப்பாளரும் கேமராமேனும் நோய் பரவுற ஒரு அபார்ட்மென்ட்டுக்குள்ள மாட்டிக்கிறது தான், எல்லாத்தையும் அந்த கேமரா வழியா தான் பாக்குறோம். பாக்கோ பிளாசாங்கிற இன்னொரு ஸ்பானிஷ் டைரக்டரும் இவரும் சேர்ந்து எடுத்தது. இதுக்கு முன்னாடியே 2002ல ரெண்டு பேரும் சேர்ந்து ஒரு டிவி பாட்டுப்போட்டி பத்தி டாக்குமென்டரி எடுத்திருக்காங்க, டிவி கேமரா எப்படி ஓடும், எங்க தடுமாறும்னு அப்பவே கை பழகியிருக்கும்னு எனக்கு தோணும். செலவு சுமார் 20 லட்சம் யூரோ தான், உலகம் முழுக்க மூணு கோடி டாலருக்கு மேல வசூல் பண்ணுச்சு. ஷூட் பண்ணது பார்சிலோனாவுல ரம்ப்லா தெ காட்டலூன்யாங்கிற தெருவுல இருக்கிற நிஜமான கட்டடம். அந்த தொகுப்பாளர் ஆஞ்செலாவா நடிச்ச மனுவெலா வெலாஸ்கோ நிஜத்துலயே டிவி தொகுப்பாளர். கேமராமேன் பாப்லோவா வர்றவரு நிஜத்துலயே அந்த படத்தோட ஒளிப்பதிவாளர் பாப்லோ ரோஸ்ஸோ. நடிகர்களுக்கு முழு ஸ்க்ரிப்ட்டை கையில குடுக்கல, அடுத்து யாருக்கு என்ன ஆகும்னு தெரியாமலே நடிச்சாங்க. பின்னணி இசைனு ஒன்னு கிடையாது, 78 நிமிஷத்துல முடிஞ்சிரும்.

நான் இதை காலேஜ் ஹாஸ்டல்ல, ஒரே லேப்டாப்பை சுத்தி ஆறு பேரு உக்காந்து பாத்தேன். எங்க எல்லாரையும் உறைய வச்சது ரத்தமோ கடியோ இல்ல. மேல பரண் மாதிரி இருக்கிற இடத்துக்கு பாப்லோ கேமராவை மட்டும் கையால தூக்கி மெதுவா சுத்துவாரு பாருங்க, அந்த இடம். ஒன்னும் இல்ல, ஒன்னும் இல்ல, தூசி, இருட்டு, இன்னும் ஒன்னும் இல்ல, நம்ம மனசு இதோ வரப்போகுதுன்னு கத்திக்கிட்டே இருக்கும், ஆனாலும் சுத்தி முடியப்போற நேரத்துல தான் ஒரு பையன் கை வந்து அடிக்கும், லைட் போயிரும், அங்க இருந்து இருட்டுல பாக்குற நைட் விஷன் கேமரா தான். அப்புறம் வர்ற அந்த உருவம் கம்ப்யூட்டர் வேலை இல்ல. ஹாவியர் போதேத்னு ஒரு நடிகர், மார்ஃபன் சிண்ட்ரோம்னு ஒரு பிறவிக் குறைபாடு உள்ளவரு, அதனால தான் அந்த உயரம், அந்த நீளமான கையும் விரலும். அந்த மனுஷன் உடம்பால நடிச்சதுக்கு மேல எந்த கிராஃபிக்ஸாலயும் ஒன்னும் பண்ணியிருக்க முடியாது.

அமெரிக்காவுல 2008லயே இதை குவாரன்டைன்னு அச்சு அசலா திருப்பி எடுத்தாங்க. ஆனா நோய்க்கு பின்னாடி இருக்கிற பேய் பிடிச்ச கதையை தூக்கிட்டு வெறிநாய்க்கடி மாதிரி ஒரு கிருமின்னு மாத்திட்டாங்க, மேல் மாடி வீட்டுல சுவர் பூரா ஒட்டியிருந்த பேப்பர், டேப் ரெக்கார்டர் இதுக்கெல்லாம் இருந்த கனமே போயிருச்சு. அதை விட்டுடுங்க. ரெக் 2 ரெண்டு பேரும் சேர்ந்து எடுத்தது, முதல் படம் முடிஞ்ச கையோட அதே கட்டடத்துக்குள்ள ஆரம்பிக்கும், கண்டிப்பா பாருங்க. மூணாவது பிளாசா தனியா, நாலாவது 2014ல பாலகெரோ தனியா, கப்பல்ல நடக்கும். நாலாவது எனக்கு அவ்வளவா ஒட்டல.

இப்போ ஸ்லீப் டைட். ரெக்ல ஆஞ்செலா நடத்துற ராத்திரி டிவி ப்ரோக்ராம் பேரு ஞாபகம் இருக்கா, "நீங்க தூங்கும்போது". நாலு வருஷம் கழிச்சு அதே சொல்லை எடுத்து இந்த படத்துக்கு பேரா வச்சிருக்காரு. இதுவும் பார்சிலோனா அபார்ட்மென்ட் தான். சீசர், அந்த கட்டடத்தோட வாசல்ல உக்காந்திருக்கிற ஆளு, நம்ம ஊர்ல வாட்ச்மேன்னு சொல்லுவோமே, அங்க எல்லா வீட்டு சாவியும் அவரு கிட்ட இருக்கும், குழாய் ரிப்பேர்னாலும் அவரு தான், பார்சல் வந்தாலும் அவரு தான். லூயிஸ் தொசார் நடிச்சிருக்காரு, என்ன நடிப்பு! இந்த சீசருக்கு பிறந்ததுல இருந்து சந்தோஷம்னா என்னன்னே தெரியாது, அதனால மத்தவங்க சந்தோஷத்தை ஒன்னு ஒன்னா உடைக்கிறது தான் அவரு உயிரோட இருக்க காரணம். அங்க கிளாரான்னு ஒரு பொண்ணு குடியிருக்கா, எப்பவும் சிரிச்ச முகம். தினம் ராத்திரி அவ கட்டிலுக்கு கீழ படுத்து காத்துக்கிட்டு இருப்பாரு, அவ தூங்குனதும் மயக்க மருந்து, விடியறதுக்குள்ள எழுந்து கீழ போயி யூனிஃபார்ம் போட்டுக்கிட்டு, அவ வேலைக்கு கிளம்பும்போது குட் மார்னிங் சொல்லுவாரு. அவளும் சிரிச்சுக்கிட்டே பதில் சொல்லிட்டு போவா. அந்த குட் மார்னிங் இருக்கே, அது தான் படம்.

இன்னொரு காட்சியையும் சொல்லியே ஆகணும். ஒரு ராத்திரி கிளாராவோட காதலன் எதிர்பாராம வந்துடுவான், சீசர் வீட்டுக்குள்ள மாட்டிக்குவாரு. ஒரு ரூம்ல இருந்து இன்னொரு ரூமுக்கு, கதவு இடுக்குல, மூச்சை பிடிச்சுக்கிட்டு தப்பிக்க பாப்பாரு. அப்போ நான் என்ன பண்ணிக்கிட்டு இருந்தேன்னா, இந்த ஆளு மாட்டிடக்கூடாதேன்னு பதறிக்கிட்டு இருந்தேன். கொஞ்ச நேரம் கழிச்சு தான் யாருக்காக பதறினேன்னு உறைச்சது. அந்த சமயம் நான் வேலைக்காக வந்து ஒரு வீட்டுல தனியா வாடகைக்கு இருந்தேன், மாத்து சாவி ஒன்னு ஓனர் கிட்ட இருந்தது, படம் முடிஞ்சதும் எழுந்து போயி தாழ்ப்பாள் போட்டிருக்கான்னு பாத்தேன், அப்புறம் கட்டிலுக்கு கீழயும் குனிஞ்சு பாத்தேன். ரெக்ல வர்ற மாதிரி ஒன்னு என் வாழ்க்கையில நடக்காதுன்னு எனக்கு தெரியும். இது நடக்காதுன்னு சொல்ல முடியல.

அதுக்கப்புறம் வந்ததுல மியூஸ் 2017, இங்கிலீஷ்ல எடுத்தது, டார்க்னெஸ், ஃபிரஜைல்ல இருந்த அதே பிரச்சனை மறுபடியும். வே டவுன் 2021, ஹாரரே இல்ல, 2010 உலகக்கோப்பை ஃபைனல் நடக்கும்போது மாட்ரிட்ல பேங்க் ஆஃப் ஸ்பெயின் பெட்டகத்துக்குள்ள இறங்குற கும்பலோட கதை, விறுவிறுன்னு போகும். வீனஸ் 2022ல, மாட்ரிட் ஓரத்துல ஒரு பழைய அடுக்குமாடி, போதை மருந்தை திருடிட்டு ஓடி வந்த பொண்ணு அக்கா வீட்டுல ஒளியுறா, மேல் மாடியில என்னமோ இருக்கு. மறுபடியும் கட்டடம், மறுபடியும் மேல் மாடி! கதை கடைசியில ரொம்ப சத்தமா போயிரும், ஆனா முதல் பாதியில அந்த பழைய பாலகெரோவை பாக்கலாம்.

என் வரிசை இது தான்: ஸ்லீப் டைட், ரெக் 2, டு லெட், தி நேம்லெஸ், அப்புறம் வீனஸ். தயவுசெஞ்சு டப்பிங்ல பாக்காதீங்க, ஸ்பானிஷ் ஆடியோல சப்டைட்டில் போட்டு, ஹெட்ஃபோன்ல பாருங்க. ரெக்கை டப்பிங்ல தான் பாத்திருந்தீங்கன்னா அதையும் ஒரு தடவை ஸ்பானிஷ்ல பாருங்க. ஆரம்பத்துல தொகுப்பாளர் குரல்ல கணீர்னு பேசிக்கிட்டு இருந்த மனுவெலா வெலாஸ்கோ, கடைசி பத்து நிமிஷத்துல அந்த இருட்டுக்குள்ள சின்ன குழந்தை மாதிரி பாப்லோ பாப்லோன்னு கிசுகிசுப்பாங்க பாருங்க, அதுக்கு தான் அவங்களுக்கு அந்த வருஷத்தோட சிறந்த புதுமுக நடிகைக்கான கோயா விருது குடுத்தாங்க.