ரிப்போர்ட்டில் 'நன்று' என்று இருந்தும் பதவி உயர்வு ஏன் வரவில்லை?

உங்கள் ஆண்டு மதிப்பீட்டு ரிப்போர்ட்டில் மோசமான குறிப்பு எதுவுமே இல்லை, ஆனாலும் ஜூனியருக்குப் பதவி உயர்வு, உங்களுக்கு இல்லை, இது எப்படி நியாயம் என்று கேட்கிறீர்கள். நீங்கள் மத்திய அரசு ஊழியர் என்பதால் அந்த விதிகளை வைத்தே சொல்கிறேன்.

முதலில் கசப்பான விஷயம்: பதவி உயர்வு உரிமை இல்லை, அதற்குப் பரிசீலிக்கப்படுவதுதான் உரிமை (அரசியலமைப்பின் 16வது பிரிவு).

சரி, உங்கள் நிலைமைக்கு அப்படியே பொருந்துவது 2008இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த தேவ் தத் வழக்கு. எல்லைச் சாலைத் துறைப் பொறியாளரான அவருக்குப் பதவி உயர்வுக்குத் தேவைப்பட்ட பென்ச்மார்க் (குறைந்தபட்ச மதிப்பீடு) ஐந்து வருடமும் 'மிக நன்று', ஆனால் 1993-94இல் மட்டும் 'நன்று' என்று போட்டுவிட்டு அதை அவரிடம் சொல்லவே இல்லை, கேட்டால் 'நன்று' பாதகமான குறிப்பு இல்லையே, எதற்குச் சொல்ல வேண்டும் என்றார்கள். பதவி உயர்வையே தடுக்கும் 'நன்று' பாதகம் இல்லாமல் வேறென்ன? நீதிமன்றமும் அதைத்தான் சொன்னது: எந்தக் குறிப்பானாலும் ஊழியருக்குத் தெரிவித்தே ஆக வேண்டும். 2013இல் சுக்தேவ் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வும் இதை உறுதி செய்தது.

இப்போது முழு மதிப்பீட்டு அறிக்கையும் உங்கள் கைக்கு வர வேண்டும், வந்த 15 நாளுக்குள் ஆட்சேபம் எழுதலாம். பலர் கையெழுத்துப் போட்டு வாங்கி மேஜை டிராயரில் வைத்துவிடுகிறார்கள், அப்புறம் டிபிசி (பதவி உயர்வை முடிவு செய்யும் துறைக் குழு) முடிந்த பிறகு புலம்பல். உங்களுக்கு அறிக்கையே தரவில்லை என்றால் அதுதான் உங்கள் வலுவான பிடி. முதலில் துறைக்கு எழுத்தில் மனு, பிறகு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். அங்கே காலக்கெடு உண்டு, தள்ளிப்போடாதீர்கள்.