கையைக் கடிக்காத விலையில் எந்த டிராயிங் டேப்லெட் வாங்கலாம்?

கேள்வி: பென்சிலில் ஓரளவு நன்றாக வரைவேன். டிஜிட்டலுக்கு மாற ஆசை, ஆனால் செலவழிக்க அதிகம் இல்லை. திரை உள்ள டேப்லெட்டா, இல்லாததா? பேனாவின் அழுத்தப் படிகள் 4096 போதுமா, 8192 வேண்டுமா?

பதில்: திரை இல்லாததை, அதாவது கணினியில் செருகி, கணினித் திரையைப் பார்த்துக்கொண்டே வரையும் பலகையை வாங்குங்கள். மேசையில் இடம் இருந்தால் நடுத்தர அளவு. 4096-ஆ 8192-ஆ என்ற கேள்வியைத் தூக்கி ஓரமாக வைத்துவிடுங்கள். அவசரக்காரர்கள் இத்தோடு கிளம்பலாம், மற்றவர்களுக்கு ஏன் என்று சொல்கிறேன்.

முதலில் அந்த எண் விவகாரம். பெட்டியின் மேல் கொட்டை எழுத்தில் அச்சடித்திருப்பார்கள்: 1024, 2048, 4096, 8192, இப்போது 16384 வரை வந்தாயிற்று. பேனாவை நாம் அழுத்துவதை எத்தனை படிகளாகப் பிரித்து அறிகிறது என்பதுதான் இது. சாதாரண 8 பிட் படத்தில் ஒரு நிறத்தின் அடர்த்திக்கு இருப்பதே 256 படிகள். அதற்கு மேல் 2048 இருந்தாலே தாராளம், 8192-க்கும் அதற்கும் உள்ள வித்தியாசத்தைக் கண்ணைக் கட்டிவிட்டுக் கையில் கொடுத்தால் என்னால் சொல்ல முடியாது, பத்து வருடமாக வரைபவர்களாலும் முடியும் என்று எனக்குத் தோன்றவில்லை.

அந்தப் பெட்டியில் யாரும் கொட்டை எழுத்தில் போடாத ஒன்றுதான் முக்கியம். எவ்வளவு மெல்லத் தொட்டால் கோடு விழத் தொடங்குகிறது? பேனாவை விரல்களில் தளர்வாகப் பிடித்து, அழுத்தாமல், அதன் சொந்த எடையிலேயே மேலே இழுத்துப் பாருங்கள். மெல்லிய கோடு விழுந்தால் நல்ல பேனா. விழவில்லை என்றால் முடிக்கற்றையின் நுனி, புருவம், லேசான நிழல் எதுவும் சரியாக வராது. நீங்களும் அழுத்தி அழுத்தி வரைந்து மணிக்கட்டு வலியோடு எழுந்திருப்பீர்கள். இன்னொரு சோதனையும் உண்டு. ஒரு ஸ்கேலைச் சாய்வாக வைத்து அதன் ஓரமாக ரொம்ப மெதுவாகக் கோடு இழுங்கள். சில டேப்லெட்டுகளில் அந்தக் கோடு பாம்பு மாதிரி நெளியும். கை நடுக்கம் அல்ல அது, பேனா இருக்கும் இடத்தைக் கணிப்பதில் டேப்லெட் தடுமாறுகிறது. வேகமாக இழுக்கும்போது இது தெரியாது, அதனால்தான் விளம்பர வீடியோக்களில் எல்லாரும் சரக் சரக்கென்று இழுக்கிறார்கள். கடையில் தொட்டுப் பார்க்க வழியில்லை என்றால், வாங்குவதற்கு முன் யாராவது இந்த மெதுவான சாய்கோட்டைப் போட்டுக் காட்டும் வீடியோ இருக்கிறதா என்று தேடுங்கள்.

அடுத்தது அளவு. சின்ன சைஸ் என்று விற்பவற்றில் வரையும் பரப்பு சுமார் 6 × 4 அங்குலம், ஒரு போஸ்ட் கார்டு. நடுத்தரம் என்றால் சுமார் 10 × 6.25 அங்குலம், ஏ5 தாளைவிடச் சற்றுப் பெரியது. இதில் கணக்கு ஒன்று இருக்கிறது. டேப்லெட்டின் முழுப் பரப்பும் திரையின் முழுப் பரப்போடு பொருந்தும். 24 அங்குல மானிட்டரின் அகலம் ஏறக்குறைய 53 செ.மீ., 6 அங்குல டேப்லெட்டின் அகலம் 15 செ.மீ. அப்படியானால் கை 1 செ.மீ. நகர்ந்தால் திரையில் மூன்றரை செ.மீ. ஓடும். கையின் சின்னத் தப்பும் அதே மூன்றரை மடங்காகத் தெரியும். அதே மானிட்டரில் 10 அங்குல டேப்லெட் என்றால் இரண்டு மடங்கு சொச்சம்தான். 15.6 அங்குல லேப்டாப்பில் வரைபவருக்குச் சின்னதே அந்த இரண்டு மடங்கைக் கொடுத்துவிடும், அவர் பெரியது வாங்கி மேசையில் இடமில்லாமல் திண்டாட வேண்டாம். மணிக்கட்டை மட்டும் அசைத்து வரையும் பழக்கம் உள்ளவர்களுக்கும் சின்னது ஒத்துவரும். முழங்கையிலிருந்து வீசி வரைபவர் என்றால் அதில் மூச்சு முட்டும். ஹூயான் எச்430பி போன்ற 5 அங்குலத்துக்கும் குறைந்தவை விலையில் ஆசை காட்டும். கையெழுத்துப் போடவும் விளையாடவும் சரி, வரைய வேண்டாம்.

இங்கே என் கதை ஒன்று. முதல் டேப்லெட் வாங்கி மூன்று நாள் நான் போட்ட வட்டமெல்லாம் முட்டையாக வந்தது. முகம் வரைந்தால் கன்னம் உப்பிக்கொண்டு நிற்கிறது. தாளில் போட்டால் வட்டம், டேப்லெட்டில் போட்டால் முட்டை. கை கெட்டுப்போய்விட்டது, இது நமக்கு வராது என்றே முடிவு கட்டிவிட்டேன், பெட்டியில் திரும்ப வைத்துக் கட்டவும் செய்தேன். கடைசியில் விஷயம் என்னவென்றால், டேப்லெட்டின் பரப்பு 6 × 4, அதாவது 3:2; திரையோ 16:9. அகலவாக்கில் எல்லாம் 18 சதவீதம் கூடுதலாக இழுபட்டிருக்கிறது! டிரைவரின் (டேப்லெட்டைக் கணினியோடு பேசவைக்கும் மென்பொருள்) அமைப்புகளில் திரையின் விகிதத்துக்கு ஏற்ப டேப்லெட்டின் பரப்பைக் குறைத்துக்கொள்ள ஒரு டிக் இருக்கும். அதைப் போட்டால் ஓரத்தில் கொஞ்சம் இடம் வீணாகும், வட்டம் வட்டமாகிவிடும். டேப்லெட் வந்த அன்றே முதல் வேலையாக இதைச் செய்யுங்கள், ஒரு டம்ளரைக் கவிழ்த்து அதன் விளிம்பைச் சுற்றி வரைந்தால் ஒரு நிமிடத்தில் தெரிந்துவிடும்.

சரி, திரை உள்ளது ஏன் வேண்டாம்? பார்க்கும் இடத்திலேயே வரைவது சுகம்தான், மறுக்கவில்லை. ஆனால் அதே காசில் மட்டமான திரை, சுமாரான பேனா இரண்டும் சேர்ந்து வரும். விலை குறைந்தவற்றில் கண்ணாடிக்கும் அடியிலுள்ள படத்துக்கும் இடைவெளி இருப்பதால் பேனா முனை ஓரிடத்திலும் கோடு பக்கத்திலும் விழுகிற மாதிரித் தெரியும். திரையோடு ஒட்டிய கண்ணாடி உள்ளதில் இது குறைவு, விலை கூட. ஒரு எச்டிஎம்ஐ, ஒரு யூஎஸ்பி, ஒரு மின் இணைப்பு என்று மேசையெங்கும் ஒயர். குனிந்து குனிந்து கழுத்துப் போகும், ஸ்டாண்டு தனியாக வாங்க வேண்டும். திரையில்லாததில் தலை நிமிர்ந்து உட்காரலாம், உங்கள் கையே படத்தை மறைக்காது. கை ஓரிடம் கண் ஓரிடம் என்பது முதல் வாரம் எரிச்சலாகத்தான் இருக்கும். மவுஸ் பிடித்த கைக்கு அது ஒன்றும் புதிதில்லை, இரண்டு மூன்று வாரத்தில் பழகிவிடும். அந்த நாட்களில் மவுஸை ஒளித்துவைத்துவிட்டு எல்லாவற்றுக்கும் பேனாவையே பயன்படுத்தினால் இன்னும் சீக்கிரம்.

பேனாவுக்குப் பேட்டரியோ சார்ஜோ தேவைப்படக் கூடாது. டேப்லெட்டுக்கு அடியிலுள்ள கம்பிச் சுருள்கள் அனுப்பும் மின்காந்த அலையிலிருந்தே பேனா சக்தியை எடுத்துக்கொண்டு பதில் அனுப்பும், அதனால் பேட்டரி இல்லாத பேனா எடையும் குறைவு. முன்பு இது வாகாம் என்ற நிறுவனத்தின் காப்புரிமையில் இருந்தது, மற்றவர்கள் சார்ஜ் போடும் தடித்த பேனாக்களைக் கொடுத்தார்கள். முக்கியமான காப்புரிமைகள் காலாவதியான பின் எல்லாரும் இதற்கு வந்துவிட்டார்கள். இன்னும் எங்காவது சார்ஜ் போடும் பேனாவோடு மலிவாகக் கிடைத்தால் அது பழைய சரக்கு.

பெயர் சொல்லாமல் விட்டால் திட்டுவீர்கள். ஹூயான் எச்1060பி, எக்ஸ்பி-பென் டெகோ 01, இரண்டுமே 10 × 6.25 அங்குலம், குறைந்தது 8192 படி. இரண்டில் எது அன்று மலிவோ அது. சின்னதில் ஹூயான் எச்640பி, காவ்மன் எஸ்620. வாகாமில் மலிவானது ஒன் பை வாகாம்: 2048 படிதான், டேப்லெட்டில் ஒரு பொத்தான்கூடக் கிடையாது, ஆனாலும் டிரைவரோடு மல்லுக்கட்டப் பொறுமையில்லாதவர்களுக்கு நான் இதைத்தான் சொல்வேன். பொத்தான்களைப் பார்த்து மயங்க வேண்டாம். என்னுடையதில் எட்டு இருக்கிறது, பயன்படுத்துவது அண்டூ ஒன்றைத்தான், அதற்கும் இடது கை கீபோர்டுக்கே போகிறது.

டிரைவர் பற்றி. வேறு டேப்லெட்டின் டிரைவர் ஏற்கெனவே கணினியில் இருந்தால் முழுக்க நீக்கிவிட்டுப் புதியதைப் போடுங்கள், இரண்டும் சேர்ந்தால் சண்டைதான். விண்டோஸில் கோடு தொடங்கும்போது ஒரு வளையம் தோன்றி இழுவை தாமதமானால், பேனா அமைப்புகளில் அழுத்திப் பிடித்தால் ரைட் கிளிக் என்று இருப்பதை அணைத்துவிடுங்கள். கோடு வருகிறது, அழுத்தத்துக்கு ஏற்பத் தடிமன் மாறவில்லையா? பெரும்பாலும் டிரைவர் அமைப்பிலுள்ள விண்டோஸ் இங்க் என்ற டிக் காரணம். போட்டோஷாப்புக்கு அது வேண்டும், சில மென்பொருட்களுக்கு வேண்டாம். கிரிட்டா என்ற வரையும் மென்பொருளில், பேனாவின் அழுத்தத்தை மென்பொருளுக்குச் சொல்லும் வழிகளான விண்டாப், விண்டோஸ் இங்க் இரண்டில் எது என்று அதன் டேப்லெட் அமைப்பிலேயே தேர்ந்தெடுக்கலாம். மேக்கில் டிரைவருக்கு ஆக்சஸிபிலிட்டி அனுமதி கொடுக்காவிட்டால் பேனா பிணம் மாதிரிக் கிடக்கும். லினக்ஸில் வாகாம் செருகினாலே ஓடும், மற்றவற்றுக்கு ஓபன்டேப்லெட்டிரைவர் என்ற இலவச மென்பொருள் கைகொடுக்கும். வரைவதற்கும் காசு கொடுத்து எதுவும் வாங்க வேண்டியதில்லை, கிரிட்டா இலவசம், நல்ல பிரஷ்கள் கூடவே வருகின்றன.

கணினியே இல்லை, போன்தான் என்றால் ஆண்ட்ராய்டில் ஓடும் என்று போட்டிருக்கும் டேப்லெட்டை ஓடிஜி (போனில் யூஎஸ்பி கருவிகளை இணைக்கும் இணைப்பி) வழியாகச் செருகி ஐபிஸ் பெயின்ட் என்ற செயலியில் வரையலாம். ஆனால் போனை நிமிர்த்தி வைத்தால் பல மாடல்களில் டேப்லெட்டின் ஒரு சின்னப் பகுதி மட்டுமே வேலை செய்யும், பெரிது வாங்கிய காசு வீண். ரப்பர் முனை ஸ்டைலஸ் வாங்காதீர்கள். அது குச்சியில் கட்டிய விரல், அழுத்தமெல்லாம் அதற்குத் தெரியாது.

அப்புறம் நிப், அதாவது பேனாவின் முனை. தேயும் பொருள் இது, நிறையப் பேர் கவனிப்பதில்லை. ஒரு பக்கமாகவே சாய்த்து வரைவதால் முனை உளி மாதிரி சப்பையாகி, விளிம்பு கூராகி, மேல்பரப்பைக் கீற ஆரம்பிக்கும். விரலால் தடவிப் பார்த்து விளிம்பு தட்டுப்பட்டால் உடனே மாற்றுங்கள். பெட்டியில் எத்தனை உபரி நிப் வருகிறது, பின்னால் தனியாகக் கிடைக்குமா என்பதைப் பார்த்து வாங்குங்கள். பரப்பு வழுக்குகிறது, பென்சில் மாதிரி இல்லை என்று தோன்றினால் மேலே ஒரு சாதாரணத் தாளை ஒட்டிக்கொள்ளுங்கள், அதற்கு மேலும் பேனா வேலை செய்யும். நிப் சீக்கிரம் தேயும், அவ்வளவுதான்.

பழையதை வாங்குவதும் நல்ல யோசனையே, அதில் தேய இருப்பது பரப்பும் நிப்பும்தான். நடுப்பகுதியில் விளக்கைச் சாய்த்துப் பிடித்துக் கீறல் பாருங்கள், கேபிள் செருகும் இடத்தை லேசாக ஆட்டிப் பாருங்கள், இன்றைய விண்டோஸுக்கு அந்த மாடலின் டிரைவர் தயாரிப்பாளர் தளத்தில் இருக்கிறதா என்றும் பாருங்கள். பேனா தொலைந்துவிட்டது, டேப்லெட் மட்டும் பாதி விலைக்குத் தருகிறேன் என்பவரிடம் பேச்சே வேண்டாம். ஒரு மாடலின் பேனா இன்னொன்றில் பெரும்பாலும் வேலை செய்யாது, சரியான பேனாவைத் தேடிப் பிடித்து வாங்கும்போது மிச்சம் பிடித்த காசு அதிலேயே போய்விடும்.