டிஸ்கார்ட் அரட்டைச் செயலியில் என் பெயருக்குக் கீழே வரும் 'விளையாடுகிறார்' வரியை நான் விரும்பியபடி மாற்றிக்கொள்ள முடியுமா?

முடியும். காசு செலவில்லாமல், விதியை மீறாமல், அக்கவுண்டைப் பணயம் வைக்காமல் முடியும். ஞாயிறு இரவுகளில் என் பெயருக்குக் கீழே 'கேரம்' என்று ஒரு வரியும், 'இரண்டாவது போர்டு, சிவப்பு இன்னும் விழவில்லை' என்று இன்னொரு வரியும், பக்கத்தில் கேரம் பலகையின் சின்னப் படமும் தெரியும். நாங்கள் ஆடுவது பிரவுசரில். பிரவுசருக்குள் என்ன விளையாட்டு நடக்கிறது என்று டிஸ்கார்டுக்குத் தெரியாது. அதற்குச் சொல்லிக்கொடுத்தது நான்.

கேள்வி கேட்டவர் மூன்று சங்கடங்களைச் சொல்லியிருக்கிறார். அவர் ஆடும் விளையாட்டு சில சமயம் தெரிவதே இல்லை. தெரியும்போது ஏதோ ஒரு பெயரில் தெரிகிறது. சொந்த வாசகம் போட உதவும் கருவியைத் தேடிப் போனால் 'உங்கள் டோக்கனைக் கொடுங்கள்' என்கிறார்கள், அதாவது அக்கவுண்டின் சாவியை. மூன்றாவதற்கு இப்போதே பதில் சொல்லிவிடுகிறேன்: கொடுக்காதீர்கள். காரணம் பின்னால் வருகிறது.

நம் பெயரை ஒட்டி டிஸ்கார்ட் காட்டும் சமாச்சாரம் மூன்று. மூன்றையும் 'ஸ்டேட்டஸ்' என்ற ஒரே சொல்லால் அழைப்பதால்தான் பாதிக் குழப்பம். முகப்படத்தின் ஓரத்தில் இருக்கும் பொட்டு முதலாவது: பச்சை, மஞ்சள் பிறை, சிவப்பு, சாம்பல் வளையம். அதில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம். வேறெதுவும் செய்ய முடியாது. இரண்டாவது, 2019-இல் வந்த கஸ்டம் ஸ்டேட்டஸ். இது நாமே கைப்பட எழுதும் வாசகம். மூன்றாவது ஆக்டிவிட்டி, அதாவது என்ன ஆடுகிறோம், என்ன கேட்கிறோம் என்று டிஸ்கார்ட் தானாகக் கண்டுபிடித்தோ, வேறொரு நிரல் சொல்லக் கேட்டோ காட்டுவது. நீங்கள் கேட்பது மூன்றாவதைப் பற்றி. ஆனால் பத்தில் எட்டுப் பேருக்கு இரண்டாவதே போதும் என்பது என் எண்ணம்.

அதைப் போடுவது எளிது. உங்கள் படத்தைத் தட்டி 'செட் கஸ்டம் ஸ்டேட்டஸ்' என்பதைத் திறந்தால் ஓர் எமோஜியும் 128 எழுத்தும் வைக்கலாம். அரை மணி நேரத்திலோ, நான்கு மணி நேரத்திலோ, அன்றைய நாள் முடிவிலோ அது தானாக அழியும்படியும் செய்யலாம். போனிலிருந்தும் மாற்றலாம்.

128 எழுத்து தாராளம் என்று தோன்றும். நான் மெய்ப்புத் திருத்திப் பிழைப்பவன், எழுத்து எண்ணுவது கைவந்த வேலை. ஆனால் இங்கே எண்ணுவது நானல்ல, யூனிகோடு. அதன் கணக்கில் 'க' ஒன்று, 'கி' இரண்டு, 'க்' இரண்டு. 'விளையாடிக்கொண்டிருக்கிறேன்' என்பது நமக்குப் பதின்மூன்று எழுத்து, அதற்கு 26. ஒரே சொல்லில் ஐந்தில் ஒரு பங்கு இடம் போய்விடுகிறது. 'ஆட்டத்தில்' என்று எழுதினால் பத்தில் முடிந்துவிடும்.

இதைவிடப் பெரிய தொல்லை ஒன்று உண்டு. வலப்பக்க உறுப்பினர் பட்டியலில் அந்த 128-உம் தெரியாது. அகலம் போதாமல் பாதியில் வெட்டி மூன்று புள்ளி வைத்துவிடும். ஆங்கிலத்தில் எழுதுகிறவர்களுக்கு இது பெரிதாகப் படாது. தமிழில் வினைமுற்று கடைசியில் வருகிறது, இல்லை என்பதும் முடியாது என்பதும் அதற்கும் கடைசியில் வருகின்றன. 'இன்று இரவு ஆட்டத்துக்கு நான் வர முடியாது' என்று ஒருநாள் வைத்தேன். பட்டியலில் 'இன்று இரவு ஆட்டத்துக்கு நான் வர…' என்று நின்றுவிட்டது. என் மைத்துனர் அதை 'வருகிறேன்' என்று படித்துக்கொண்டு பத்தரை வரை காத்திருந்தார். மறுநாள் அவரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டது தனிக் கதை. அன்றிலிருந்து முடிவை முன்னால் போடுகிறேன்: 'வரவில்லை, வீட்டில் விருந்தாளிகள்.' 'ஒன்பதுக்கு மேல், சாப்பாடு.' இலக்கணம் சற்று நொண்டினாலும் சேதி போய்ச் சேர்கிறது.

இனி ஆக்டிவிட்டி. டிஸ்கார்ட் உங்கள் கணினியில் ஓடும் நிரல்களின் பெயர்களைப் பார்க்கிறது. தன்னிடம் உள்ள விளையாட்டுப் பட்டியலோடு ஒப்பிடுகிறது. பொருந்தினால் பெயரைப் போடுகிறது, பொருந்தாவிட்டால் பேசாமல் இருக்கிறது. இந்தக் கண்டுபிடிப்பு வேலை கணினியில் நிறுவிய டிஸ்கார்டில்தான் நடக்கும். பிரவுசரில் திறந்த டிஸ்கார்டில் நடக்காது. உங்கள் விளையாட்டு வராவிட்டால் செட்டிங்ஸில் 'ரெஜிஸ்டர்டு கேம்ஸ்' பக்கத்துக்குப் போய், விளையாட்டைத் திறந்துவைத்துக்கொண்டு, அதை நீங்களே பட்டியலில் சேர்க்கலாம். அப்படிச் சேர்த்ததற்கு நீங்கள் விரும்பும் பெயரையும் வைக்கலாம். நோட்பேடைச் சேர்த்து அதற்கு 'வருமான வரிக் கணக்கு' என்று பெயர் சூட்டினால், நோட்பேட் திறந்திருக்கும் வரை நீங்கள் வருமான வரிக் கணக்கு விளையாடிக்கொண்டிருப்பதாக ஊர் பார்க்கும். டிஸ்கார்டுக்கு முன்பே தெரிந்த விளையாட்டின் பெயரை மட்டும் மாற்ற விடாது.

சேர்த்தும் தெரியவில்லையா? 'ஆக்டிவிட்டி பிரைவசி' பக்கத்தில் பகிர்வதற்கான சுவிட்ச் அணைந்திருக்கிறதா என்று பாருங்கள். சாம்பல் வளையத்தில், அதாவது இன்விசிபிளில் இருந்தாலும் எதுவும் தெரியாது. இதை மறந்துவிட்டு ஒரு மணி நேரம் தலையைப் பிய்த்துக்கொண்டவன் நான்.

இந்த வழியில் கிடைப்பது ஒரே ஒரு தலைப்பு. கீழே இரண்டாவது வரி, படம், கடிகாரம் எல்லாம் வேண்டுமென்றால் ரிச் பிரசன்ஸ் வேண்டும். 2017-இல் விளையாட்டு நிறுவனங்களுக்காக வந்த வசதி இது. ஆனால் கதவு எல்லோருக்கும் திறந்தே இருக்கிறது. நிரல் எழுதுகிறவர்களுக்கான தளமான டிஸ்கார்டின் டெவலப்பர் போர்ட்டலில் உள்ளே போய் ஒரு 'அப்ளிகேஷன்' உருவாக்குங்கள். அதற்கு வைக்கும் பெயர்தான் தலைப்பாக வரும். அதற்கு முன்னால் 'பிளேயிங்' என்ற சொல்லைப் பார்க்கிறவருடைய டிஸ்கார்ட் எந்த மொழியில் இருக்கிறதோ அந்த மொழியில் அதுவே சேர்த்துக்கொள்ளும். அதனால் 'கேரம் ஆடுகிறோம்' என்று பெயர் வைத்து இரண்டு வினைகளை மோதவிடாதீர்கள். 'கேரம்' போதும்.

உருவாக்கியதும் ஒரு நீண்ட எண் கிடைக்கும். விண்டோஸ்காரர்கள் கஸ்டம்ஆர்பி என்ற இலவச நிரலில் அந்த எண்ணைக் கொடுத்து, கட்டங்களை நிரப்பினால் வேலை முடிந்தது. எனக்கு என் அக்கா மகன் பைத்தானில் பைபிரசன்ஸ் என்ற நூலகத்தை வைத்து இருபது வரியில் ஒரு நிரல் எழுதிக் கொடுத்தான். இரண்டும் செய்வது ஒன்றுதான். டிஸ்கார்ட் ஓடும்போது அதே கணினிக்குள் 'டிஸ்கார்ட்-ஐபிசி-0' என்று, மற்ற நிரல்கள் தன்னோடு பேச, திரையில் தெரியாத ஒரு சாளரத்தைத் திறந்துவைக்கிறது. நம் நிரல் அதன் வழியாக 'இந்த வரிகளைக் காட்டு' என்று சொல்கிறது. கடவுச்சொல்லும் கேட்பதில்லை, டோக்கனும் கேட்பதில்லை. லினக்ஸில் ஃபிளாட்பேக் என்ற நிறுவும் முறை வழியாக டிஸ்கார்டை நிறுவியவர்களுக்கு மட்டும் அந்தச் சாளரம் வழக்கமான இடத்தில் இருக்காது. அது ஃபிளாட்பேக்கின் சொந்தக் கோப்புறைக்குள் இருக்கும், அங்கிருந்து ஓர் இணைப்பு போட்டுத்தர வேண்டும்.

நிரப்ப வேண்டியவை: மேல் வரி, கீழ் வரி, பெரிய படம், சின்னப் படம், தொடங்கிய நேரம், எத்தனை பேரில் எத்தனை பேர் சேர்ந்தார்கள் என்ற எண்ணிக்கை, வேண்டுமானால் இரண்டு பொத்தான்கள். பெரிய படத்துக்கு எங்கள் வீட்டுப் பலகையையே போட்டோ எடுத்தேன். ஒரு மூலையின் வலை கிழிந்தது, நடுவில் பவுடர் படிந்தது, எல்லாம் அப்படியே. சின்னப் படம் பெரியதன் வலக்கீழ் மூலையில் வட்டமாக வெட்டப்பட்டு உட்காரும். எதைப் போட்டாலும் வட்டமாக்கிவிடும் என்பதால் பலர் லோகோவின் காதுகளை இழக்கிறார்கள். எனக்கு யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை, சிவப்புக் காயைப் போட்டேன். படம் 512க்கு 512 பிக்சலாவது இருக்க வேண்டும். போர்ட்டலில் ஏற்றியதும் சில நிமிடங்கள் காணாமல் போனது போல இருக்கும். பதறி மறுபடி மறுபடி ஏற்றாதீர்கள், ஒரு டீ குடித்துவிட்டு வந்து பாருங்கள்.

கடிகாரத்தில் இரண்டு முறை அடிபட்டேன். முதல் தடவை, அது பதினைந்து விநாடிக்கு மேல் ஏறவே இல்லை. பூஜ்ஜியத்துக்குத் திரும்பித் திரும்பி வந்தது. காரணம் சிரிப்பூட்டும்: 15 விநாடிக்கு ஒருமுறைதான் தகவலைப் புதுப்பிக்கலாம் என்பதால் நிரல் 15 விநாடிக்கு ஒருமுறை சுற்றுகிறது. 'தொடங்கிய நேரம் = இப்போது' என்ற வரி அந்தச் சுற்றுக்குள் இருந்தது. ஒவ்வொரு சுற்றிலும் ஆட்டம் புதிதாகத் தொடங்கியது. அந்த வரியைச் சுற்றுக்கு வெளியே எடுத்து வைத்ததும் சரியாயிற்று.

இரண்டாம் தடவை கடிகாரம் சரியாக ஓடியதுதான் வினை. ஆட்டம் முடிந்து பிரவுசரை மூடிவிட்டுப் படுத்தேன். கணினியையும் நிரலையும் மூடவில்லை. காலை ஆறரைக்குச் சிங்கப்பூரிலிருந்து தங்கையின் அழைப்பு. அங்கே மணி ஒன்பது. எடுத்ததும், "அண்ணா, ராத்திரி முழுவதும் தூங்கவே இல்லையா?" என்றாள். என் பெயருக்குக் கீழே ஒன்பதரை மணி நேரம் ஓடியிருந்தது, இன்னும் சிவப்பு விழவில்லை. தூங்கினேன் என்று சத்தியம் செய்தும் அவள் அரை மனதாகத்தான் நம்பினாள். தானாகக் கண்டுபிடிக்கும் ஆக்டிவிட்டி விளையாட்டை மூடினால் போய்விடும். நாம் எழுதிய நிரலுக்கு அந்த விவரம் தெரியாது. நாம் நிறுத்தும் வரை அது பொய் சொல்லிக்கொண்டே இருக்கும். இப்போது நான்கு மணி நேரத்தில் தானே நின்றுவிடும்படி செய்திருக்கிறோம்.

பொத்தானைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். அதில் எந்த இணைய முகவரியையும் வைக்கலாம். நாம் வைத்த பொத்தானை நாமே அழுத்திப் பார்க்க முடியாது, வேலை செய்கிறதா என்று இன்னொருவரைத்தான் கேட்க வேண்டும். நான் 'ஆட்டத்துக்கு வா' என்று பெயரிட்டு எங்கள் கேரம் அறையின் முகவரியை வைத்தேன். ஆக்டிவிட்டி எங்கள் நால்வர் சர்வரில், அதாவது நாங்கள் நான்கு பேர் மட்டும் இருக்கும் டிஸ்கார்ட் குழுவில், மட்டும் தெரிகிறது என்பது என் நினைப்பு. அப்படியல்ல. நான் உறுப்பினராக இருக்கும் மற்ற சர்வர்களிலும், ஆயிரக்கணக்கானோர் இருக்கும் ஒரு பொதுச் சர்வர் உட்பட, அதே பொத்தான் தெரிந்தது. மூன்றாவது போர்டில் யாரோ ஒருவர் நாலாம் ஆளாக வந்து உட்கார்ந்தார். நன்றாகவே ஆடினார், சிவப்பைப் போட்டு ஃபாலோவும் போட்டார். அவர் யார் என்று எங்கள் மூவருக்கும் தெரியாது என்பது ஆட்டம் முடிந்தபிறகுதான் தெரிந்தது. ஒவ்வொரு சர்வருக்கும் அதன் பெயரைத் தட்டி வரும் தனியுரிமைப் பக்கத்தில் ஆக்டிவிட்டி பகிர்வைத் தனித்தனியே அணைக்கலாம். வேலைக்கான சர்வர் ஏதாவது இருந்தால் இன்றைக்கே அணைத்துவிடுங்கள்.

இப்போது டோக்கன். ஸ்டேட்டஸ் விநாடிக்கு விநாடி மாறும், எழுத்து ஓடும், போனிலிருந்தே படம் வரும் என்று ஆசை காட்டும் நிரல்கள் டோக்கன் கேட்கின்றன. டோக்கன் என்பது உள்ளே நுழைந்தபின் டிஸ்கார்ட் நமக்குத் தரும் சாவி. அது கையில் இருப்பவருக்குக் கடவுச்சொல்லும் வேண்டாம், இரண்டடுக்குச் சரிபார்ப்பும் வேண்டாம். திருட்டு ஒருபுறம் இருக்கட்டும். நேர்மையானவரே எழுதிய நிரலாக இருந்தாலும், சாதாரணப் பயனர் அக்கவுண்டை இப்படி இயந்திரம் போல இயக்குவதை டிஸ்கார்ட் தடைசெய்திருக்கிறது. அக்கவுண்டை மூடவும் செய்யும். ஏற்கெனவே எங்கேயாவது கொடுத்துவிட்டீர்களென்றால் உடனே கடவுச்சொல்லை மாற்றுங்கள், பழைய டோக்கன் செல்லாமல் போய்விடும். வேறு யாரோ அனுப்பும் கியூஆர் குறியீட்டை டிஸ்கார்ட் ஆப்பால் ஸ்கேன் செய்வதும் சாவியைக் கொடுப்பதற்குச் சமம்.

இவ்வளவு பாடு எதற்கு என்று நீங்கள் கேட்கலாம், என் மனைவி கேட்டாள். யாகூ மெசஞ்சரில் தத்துவம் எழுதிவைத்த தலைமுறை நாங்கள். அதை யார் படித்தார்கள், எதற்குப் படித்தார்கள் என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. இந்த இரண்டு வரியில் எனக்குப் பயன்படுவது ஒன்றே ஒன்று, கீழ் வரியின் முடிவில் அடைப்புக்குறிக்குள் வரும் எண்ணிக்கை. ஒவ்வொருவர் வந்ததும் நான் விசைப்பலகையில் ஓர் எண்ணைத் தட்டுகிறேன். ஒன்பது மணிக்கு நான்கில் ஒன்று. மைத்துனர் வந்ததும் நான்கில் இரண்டு. தங்கை குழந்தையைத் தூங்கவைத்துவிட்டு வந்தால் மூன்று. டொராண்டோவில் அப்போது ஞாயிறு முற்பகல். அங்கிருக்கும் நண்பர் காபியோடு உட்கார்ந்து அந்த மூன்றைப் பார்த்துவிட்டுத்தான் உள்ளே வருவார். 'வருகிறாயா' என்று அவருக்குச் செய்தி அனுப்பி ஆறு மாதம் ஆகிறது.