பிள்ளைகள் கதையில் திருநங்கை, திருநம்பி, அவர்கள் வீடு: தடைக்காலக் கேள்வி பதில்

ஏப்ரல் 15 முதல் விசைப்படகுகள் கரையில் நிற்கின்றன. ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம். தமிழ்நாட்டில் திருநங்கையர் தினமும் அதே ஏப்ரல் 15தான்; 2008இல் அந்தத் தேதியில்தான் திருநங்கையர் நல வாரியம் அமைந்தது. அப்பாமார் வீட்டில் இருக்கிறார்கள், பிள்ளைகளுக்கும் பள்ளி விடுமுறை வருகிறது. சேர்ந்து வாசிக்க நம் கரையில் இதைவிட நல்ல சமயம் கிடையாது. பிறந்தபோது பையன் என்று நினைக்கப்பட்ட பெண் திருநங்கை, பெண் என்று நினைக்கப்பட்ட ஆண் திருநம்பி; இவர்களைச் சேர்த்துத் திருநர் என்கிறோம். சிறுவர் கதைகளில் திருநர்களும் அவர்கள் குடும்பமும் எப்படி வருகிறார்கள் என்று மண்டபம் முதல் தொண்டி வரை பலர் கேட்டிருந்தீர்கள். பெயர் போடாமல் ஊரை மட்டும் சொல்லிப் பதில் எழுதுகிறேன்.

பாம்பன், ஓர் அம்மா: டீச்சர், சந்தையில் ஒரு திருநங்கை என் ஏழு வயது மகளின் தலையில் கைவைத்து வாழ்த்தினார். "அவங்க ஆம்பளையா பொம்பளையா?" என்று இவள் சத்தமாகக் கேட்டுவிட்டாள். நான் வாயைப் பொத்தி இழுத்து வந்துவிட்டேன். இந்த வயதுக்கு ஏற்ற கதை இருக்கிறதா?

இருக்கிறது. கனக் சசி எழுதிப் படமும் வரைந்த குட்லி என்ற குழந்தையின் கதையைச் சென்னை தூலிகா பதிப்பகம் 2019இல் வெளியிட்டது. வீட்டார் குட்லியைப் பையன் என்கிறார்கள். குட்லிக்குத் தான் பெண் என்று தெரியும். அக்காவின் கவுனைப் போட்டுக்கொண்டு வந்து நிற்கிறாள். வீட்டில் அதட்டுகிறார்கள், பிள்ளை சோர்ந்துபோகிறது. கடைசியில் கவுனை எடுத்துக் கொடுப்பது அம்மாதான். அறிவுரையோ விளக்கமோ கிடையாது. அந்த அம்மா பிள்ளையின் முகத்தைப் பார்த்து முடிவெடுத்தாள், அவ்வளவுதான். எனக்கு இந்தப் புத்தகம் பிடித்ததற்குக் காரணமே அதுதான்.

உங்கள் மகளின் கேள்விக்கு நீளமான பதில் தேவையில்லை. "அவங்க ஒரு அக்கா. பிறந்தப்போ எல்லாரும் பையன்னு நினைச்சாங்க, அவங்களுக்குத் தான் பொண்ணுன்னு தெரிஞ்சுது." ஏழு வயதுக்கு இது போதும். அடுத்த முறை சந்தையில் பார்த்தால் வாயைப் பொத்தாமல் வணக்கம் சொல்லச் சொல்லுங்கள்.

கீழக்கரை, ஓர் ஆசிரியர்: இப்படிப்பட்ட கதைகளைக் கொடுத்தால் பிள்ளைகள் அப்படியே ஆகிவிடுவார்கள் என்று பெற்றோர் பயப்படுகிறார்கள். என்ன சொல்லட்டும்?

படித்து யாரும் திருநங்கையாகவோ திருநம்பியாகவோ ஆவதில்லை. இன்று ஐம்பது வயதைத் தாண்டிய திருநங்கையரைக் கேட்டுப் பாருங்கள், அவர்கள் சிறு பிள்ளையாக இருந்தபோது இப்படி ஒரு கதைப் புத்தகமே கிடையாது. உலக சுகாதார நிறுவனம் 2019இல் ஏற்ற புதிய நோய் வகைப்பாட்டில், மனநோய்ப் பிரிவிலிருந்து திருநராக இருப்பதை எடுத்துவிட்டது. "மாற்றிக் காட்டுகிறேன்" என்று செய்யும் சிகிச்சைகளைச் சென்னை உயர் நீதிமன்றம் 2021இல் தடை செய்தது. பெற்றோர் கூட்டத்தில் இந்த இரண்டையும் பொறுமையாகச் சொல்லுங்கள்.

பயம் உங்கள் ஊருக்கு மட்டும் சொந்தமானதில்லை. பள்ளிப் பாடநூல்களைத் தயாரிக்கும் மத்திய அமைப்பான என்சிஇஆர்டி 2021இல் திருநர் குழந்தைகளைப் பள்ளியில் அரவணைப்பது பற்றி ஆசிரியர்களுக்கு ஒரு கையேடு கொண்டுவந்தது. எதிர்ப்பு கிளம்பியதும் இணையதளத்திலிருந்து எடுத்துவிட்டார்கள். எனக்கு அது இன்றும் வருத்தம். ஏனென்றால் உங்கள் வகுப்பில் ஒரு பிள்ளையை மற்றவர்கள் "ஒம்போது" என்று கூப்பிடும்போது, என்ன செய்வது என்று ஆசிரியருக்கு யாரும் சொல்லித் தந்ததில்லை. நல்ல கதை முதலில் மாற்றுவது அப்படிக் கூப்பிடுகிற பிள்ளைகளைத்தான்.

மண்டபம், கருவாட்டு வியாபாரம் செய்யும் திருநங்கை: டீச்சரம்மா, கதை என்றால் நாங்கள் பிச்சை எடுக்கிறோம், இல்லாவிட்டால் செத்துப்போகிறோம். எனக்குத் தொழில் இருக்கிறது, வாடகை வீடு இருக்கிறது, மாதம் ஒருமுறை என் அம்மா வந்து தங்குகிறார். எங்களைப் போன்றவர்கள் ஏன் கதையில் வருவதில்லை?

உங்கள் கேள்விதான் இதில் எனக்கு மிக முக்கியமானது, தங்கச்சி.

நம் இலக்கியத்தில் இது நெடுங்காலப் பழக்கம். மணிமேகலையில் புகார் நகரத்துத் தெருவில் ஆணும் பெண்ணும் கலந்த பேடிக்கோலத்துக் கூத்து நடக்கிறது, ஜனங்கள் கூடி நின்று பார்க்கிறார்கள். "பேடு காண்குநரும்" என்று சாத்தனார் பார்க்கிறவர்களைப் பற்றித்தான் சொல்கிறார். ஆடுகிறவர் கூத்து முடிந்ததும் எந்த வீட்டுக்குப் போனார், அங்கே யார் சோறு போட்டார்கள் என்பது அந்தக் காதையின் வேலை அல்ல. பிறகு வந்த கதைகளும் சினிமாவும் அதே தெருவோரத்தில் நின்றுதான் பார்த்தன. கேலிக்காகப் பார்த்தவர்கள் உண்டு, இரக்கத்தோடு பார்த்தவர்களும் உண்டு. வீட்டுக்குள் போனவர்கள் குறைவு.

அந்தக் கதவைத் திறந்தது திருநங்கையரே எழுதிய எழுத்து. ரேவதி பல திருநங்கையரின் வாழ்க்கைக் கதைகளைத் திரட்டிய "உணர்வும் உருவமும்" முதலில் வந்தது. லிவிங் ஸ்மைல் வித்யாவின் "நான் வித்யா" 2007இல் வந்தது. அப்புறம் ரேவதி தன் சொந்த வாழ்க்கையை "வெள்ளை மொழி"யாக எழுதினார். இவை பெரியவர்களுக்கான புத்தகங்கள், பதினெட்டு வயதுக்கு மேல் கொடுக்கலாம். வீட்டில் விழுந்த அடி, ஊரை விட்டு ஓடியது, திரும்பி வந்தபோது அண்ணன் தம்பிகளோடு வந்த சண்டை எல்லாம் அவற்றில் இருக்கின்றன. அது அவர்களுக்கு நடந்தது, அதை அவர்கள் எழுதத்தான் வேண்டும்.

என் குறை மற்ற எழுத்தாளர்கள் மேல். ஒருவருக்கு நடந்த கொடுமையை எல்லோருக்குமான தலைவிதியாக எடுத்துக்கொண்டார்கள். ஓடிப்போவதில் கதையைத் தொடங்கி, சாவில் முடித்தார்கள். பன்னிரண்டு வயதில் ஒரு பிள்ளை அதைப் படித்தால் தனக்கு இரண்டே வழி என்றுதானே நினைக்கும்? அந்தப் பிள்ளையின் அம்மா படித்தால், பிள்ளையைக் கூடவே வைத்துக்கொள்ளலாம் என்ற எண்ணமே வராதே!

உங்கள் அம்மா மாதம் ஒருமுறை பஸ் ஏறி வருகிறாரே, அதுதான் நான் படிக்க ஆசைப்படும் கதை. நெத்தலி காயும்போது மேகம் திரண்டால் நீங்கள் இருவரும் தார்ப்பாயை இழுத்து மூடுவதும், கொள்முதல் விலையில் சண்டை போடுவதும், முதல்முறை வந்தபோது அம்மா என்ன பேசாமல் இருந்தார் என்பதும் அதில் வர வேண்டும். நீங்களே எழுதினால் இன்னும் நல்லது. எழுத வராது என்று நினைத்தால் சொல்லுங்கள், நான் வந்து கேட்டு எழுதித் தருகிறேன், பெயர் உங்களுடையதாக இருக்கும்.

ஏர்வாடி, ஒரு வாசகர்: திருநங்கையர் தங்களுக்குள் அம்மா, மகள், நானி (பாட்டி) என்று உறவு வைத்துக்கொள்கிறார்களே, பிள்ளைகள் கதையில் அதைக் காட்டலாமா?

கட்டாயம் காட்டலாம். அதுவும் குடும்பம்தான். சண்டை, சமாதானம், அதிகாரம் எல்லாவற்றோடும் காட்டட்டும். ஆனால் பெற்ற வீடு கைவிட்டதை நியாயப்படுத்த அந்த உறவைப் பயன்படுத்தும் கதை எனக்கு வேண்டாம்.

ராமநாதபுரம், கல்லூரி மாணவி: ஆங்கிலத்தில் "லூனா", "மெலிஸா" இரண்டும் படித்தேன். குடும்பத்தை எது சரியாகக் காட்டுகிறது?

ஜூலி ஆன் பீட்டர்ஸின் "லூனா" 2004இல் வந்தது. அமெரிக்காவில் பெரிய பதிப்பகத்திலிருந்து இளையோருக்காக வந்த இவ்வகை நாவல்களில் முன்னோடி, அந்தப் பெருமை அதற்கு உண்டு. கதையைச் சொல்வது தங்கை ரீகன். ஊருக்கு அண்ணனாகத் தெரியும் லூனா, இரவில் தங்கையின் அறையில்தான் தானாக இருக்க முடிகிறது. ரகசியம் காக்கும் தங்கையின் தூக்கம் கெடுகிறது, நட்பு கெடுகிறது. அவள்மேல் எனக்கு அன்பு வந்தது. ஆனாலும் புத்தகம் முழுக்க நாம் தங்கையின் களைப்பைச் சுமக்கிறோம், லூனாவின் மனதுக்குள் போவதே இல்லை. முடிவில் லூனா வீட்டை விட்டுப் போகிறாள். திருநர் பிள்ளை என்றால் வீட்டுக்குப் பாரம் என்ற எண்ணம், எழுதியவர் நினைக்காமலேயே தங்கிவிடுகிறது.

நீங்கள் "மெலிஸா" என்று படித்த அலெக்ஸ் ஜினோவின் நாவல் 2015இல் வந்தது. நாலாம் வகுப்புப் பிள்ளையை ஊரே ஜார்ஜ் என்று கூப்பிடுகிறது, கதைசொல்லி மட்டும் முதலிலிருந்தே "அவள்" என்கிறார். பள்ளி நாடகத்தில் சார்லட் என்ற சிலந்தியாக நடிக்க அவளுக்கு ஆசை, கதை அதைச் சுற்றித்தான் ஓடுகிறது. அம்மா உடனே ஏற்றுக்கொள்வதில்லை. தடுமாறுகிறார், தப்பாகப் பேசுகிறார், மெல்ல நெருங்குகிறார். தோழி அதற்கு முன்பே புரிந்துகொண்டு கூட நிற்கிறாள். அம்மாவுக்கு நேரம் கிடைக்கிறது, அந்த நேரத்தில் பிள்ளையும் தனியாகக் கிடந்து வாடவில்லை. குடும்பத்தை எழுதுவது என்றால் இப்படித்தான் எழுத வேண்டும்.

முதலில் அந்தப் புத்தகத்துக்கே "ஜார்ஜ்" என்றுதான் தலைப்பு. அந்தப் பிள்ளை வேண்டாம் என்று ஒதுக்கிய பெயர் அட்டையில் இருப்பது சரியில்லை என்று ஆசிரியரே சொல்லி, 2022 பதிப்பில் "மெலிஸா" ஆனது. அமெரிக்க நூலகச் சங்கத்தின் கணக்கில் 2018, 2019, 2020 என்று மூன்று ஆண்டும் அதிக எதிர்ப்பைச் சந்தித்த புத்தகம் அதுதான். கீழக்கரை ஆசிரியர் இதையும் குறித்துக்கொள்ளலாம்.

தொண்டி, எழுதும் தம்பி: மீனவர் குடும்பத்தில் ஒரு திருநம்பிச் சிறுவன் பற்றி எழுதுகிறேன். கடலுக்குப் போக வேண்டும் என்று அடம்பிடிக்கிறான். என்ன கவனிக்க வேண்டும்?

நல்ல காரியம் தம்பி. திருநம்பிகள் நம் கதைகளில் அநேகமாக இல்லவே இல்லை. ஒரு எச்சரிக்கை மட்டும். கடலுக்குப் போக ஆசைப்படும் பெண்பிள்ளை எல்லாம் திருநம்பி அல்ல. பாம்பன், சின்னப்பாலம் பக்கம் பெண்கள் காலகாலமாகப் பாசி எடுக்கக் கடலில் முங்குகிறார்கள். ஆகவே படகு ஆசையை மட்டும் அடையாளமாக வைத்தால் கதை நிற்காது. தன்னை மகன் என்று ஒருவராவது கூப்பிட வேண்டும் என்ற ஏக்கம், பள்ளிச் சீருடை, பூப்பு நீராட்டுக்குச் சொந்தக்காரர்கள் பந்தல் போடும் நாள், இவை அவனுக்குள் என்ன செய்கின்றன என்று எழுது. அந்தப் பந்தல் நாள் ஒன்றே தனிக் கதை. தாய்மாமன் சீர் தூக்கிக்கொண்டு வாசலில் நிற்கிறார், எல்லோரும் சந்தோஷமாக இருக்கிறார்கள், யாரும் கெட்டவர்கள் இல்லை. அவன் மட்டும் உள்ளே மூச்சு முட்டி உட்கார்ந்திருக்கிறான். குடும்பத்தின் அன்பே பிள்ளையை நெருக்கும் அந்த இடத்தை இன்னும் யாரும் சரியாக எழுதவில்லை என்பது என் எண்ணம்.

வினைமுற்றிலும் கவனம் வை. அப்பா "அவள் வந்தாள்" என்று பேசலாம், அது அப்பாவின் பேச்சு. கதைசொல்லியாகிய நீ "வந்தான்" என்று தொடங்கினால் கடைசிவரை மாறாதே. முடித்ததும், அச்சுக்குப் போகும் முன், ஒரு திருநம்பியிடம் படிக்கக் கொடு.

தங்கச்சிமடம், ஒரு பெரியவர்: அரவான் கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்லலாமா?

சொல்லுங்கள் அய்யா. கூவாகம் எங்கே இருக்கிறது, சித்திரையில் அங்கே ஏன் கூடுகிறார்கள் என்பதும் தெரியட்டும். அது மட்டுமே திருநங்கையர் கதை என்று ஆகிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

இராமேஸ்வரம், ஓர் அப்பா: டீச்சர், என் பிள்ளைக்குப் பதினாலு வயது. பையனாக வளர்த்தோம். தான் பெண் என்று போன மாதம் அவன் அம்மாவிடம் சொல்லியிருக்கிறான். எனக்குக் கோபம் இல்லை, பயம். வீட்டை விட்டுப் போய்விடுமோ என்று ராத்திரி எழுந்து எழுந்து பார்க்கிறேன். ஏதாவது புத்தகம் வாங்கிக் கொடுக்கட்டுமா?

அய்யா, புத்தகம் பிறகு. முதலில் நீங்கள் பேசுங்கள். உங்களுக்குத் தெரியும் என்பது பிள்ளைக்குத் தெரிய வேண்டும். "அம்மா சொன்னா. எனக்கு இன்னும் சரியா விளங்கலை. ஆனா நீ எங்கேயும் போக வேண்டாம், இது உன் வீடு." இதற்கு மேல் முதல் நாளில் எதுவும் சொல்ல வேண்டாம். திருநங்கையரின் சுயசரிதைகளைப் படித்தால் ஒன்று தெளிவாகத் தெரியும்: பிள்ளைகளை வீட்டை விட்டுத் துரத்தியது அடியும் அவமானமும். நீங்கள் ராத்திரி எழுந்து பார்க்கிற அப்பா. அதைப் பிள்ளையிடமே சொல்லிவிடுங்கள்.

சட்டமும் தெரிந்திருக்கட்டும். திருநர் என்பதற்காக ஒரு குழந்தையைப் பெற்றோரிடமிருந்து பிரிக்கக் கூடாது, நீதிமன்றம் குழந்தையின் நலனுக்காக உத்தரவிட்டால் தவிர, என்கிறது 2019ஆம் ஆண்டுத் திருநர் உரிமைப் பாதுகாப்புச் சட்டம். சொந்தக்காரர்கள் "வெளியே அனுப்பு" என்று நெருக்கினால் இதைச் சொல்லுங்கள். மாற்றித் தருகிறேன் என்பவரிடம், அவர் டாக்டராக இருந்தாலும் மந்திரிப்பவராக இருந்தாலும், கூட்டிக்கொண்டு போகாதீர்கள். பள்ளியில் யாராவது துன்புறுத்தினால் 1098க்குக் கூப்பிடலாம்.

அப்புறம் புத்தகம். பிள்ளைக்கு ஆங்கிலம் வருமானால் "மெலிஸா". வராவிட்டால் நீங்களும் உங்கள் வீட்டம்மாவும் "நான் வித்யா" படியுங்கள். பிள்ளைக்கு முன் நீங்கள் படிப்பதுதான் முறை. படித்துவிட்டு, பிள்ளை எந்தப் பெயரில் கூப்பிடப்பட விரும்புகிறது என்று கேளுங்கள்.

தேவிபட்டினம், ஒரு மாணவர்: இந்தப் புத்தகங்கள் எல்லாம் எங்கே கிடைக்கும்?

ராமநாதபுரம் மாவட்ட மைய நூலகத்தில் கேளுங்கள். இல்லை என்றால் தலைப்பையும் ஆசிரியர் பெயரையும் எழுதி நூலகரிடம் கொடுங்கள்; நாலைந்து பேர் தனித்தனியாகக் கேட்டால் வாங்கும் வாய்ப்பு கூடும். ராமநாதபுரம் புத்தகத் திருவிழாவுக்குப் போனால் கடைக்காரரிடம் பெயர் சொல்லிக் கேட்கத் தயங்காதீர்கள். குட்லி கதை ஒரு பிரதி என்னிடம் இருக்கிறது. பாம்பன் அம்மா முதலில் கேட்டதால் அவருக்கு அனுப்புகிறேன், அவர் மகள் படித்து முடித்ததும் உங்களுக்கு வரும்.